அமெரிக்க நிவாரணச் சரக்கு: ஒரு கிடங்குக்காரனின் மதிப்பீடு

சரக்கில் பெரிய குறை இல்லை. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் கீழே நிறையத் திட்டப்போகிறேன். படித்துவிட்டு, எதைக் கொடுத்தாலும் நொட்டை சொல்கிற ஆள் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது.

துபாயில் நிவாரணச் சரக்கு கையாளும் ஒரு கம்பெனியில் கிடங்கு மேற்பார்வை பார்த்தவன் நான். அங்கே சர்வதேச மனிதநேய நகரம் என்று ஒரு வளாகம் இருக்கிறது, 2003-இல் தொடங்கியது. ஜெபல் அலி துறைமுகமும் அல் மக்தூம் விமான நிலையமும் கூப்பிடு தூரம். ஐ.நா. அமைப்புகள், செஞ்சிலுவைக்காரர்கள், பணக்கார நாடுகள் என்று ஆளாளுக்குக் கூடாரம், போர்வை, தார்ப்பாய், மருந்து எல்லாம் அடுக்கி வைத்திருப்பார்கள். எங்காவது பூமி நடுங்கினால் ராத்திரியோடு ராத்திரியாக விமானத்தில் ஏற்ற வேண்டும். பேலட்டை, அதாவது பலகை மேல் அடுக்கிக் கட்டிய சரக்கை எண்ணுவது, காலாவதித் தேதி பார்ப்பது, எடை போடுவது, சரக்குப் பட்டியலில் எழுதியிருப்பதும் ஃபோர்க்லிஃப்ட்டில் ஏறுவதும் ஒன்றுதானா என்று சரிபார்ப்பது, இதுதான் என் வேலை. சில சமயம் சரக்கோடு நானும் போயிருக்கிறேன்.

பல நாட்டுச் சரக்கும் கையில் பட்டிருக்கிறது. இங்கே அமெரிக்காவை மட்டும் எடுத்துக்கொள்கிறேன், இந்தத் தொழிலில் அதுதான் பெரிய கடை. 2024-இல் ஐ.நா. கணக்கில் வந்த உலக மனிதநேய உதவியில் ஏறக்குறைய 40 சதவீதம் அமெரிக்கப் பணம். துபாய் தவிர மயாமி, இத்தாலியின் பீசா, மலேசியாவின் சுபாங் என்று பல ஊர்களில் கிடங்கு வைத்திருந்தார்கள். கடை பெரிது என்பதற்காகக் கடைக்காரர் தாராளம் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். பணக்கார நாடுகள் தேசிய வருமானத்தில் 0.7 சதவீதத்தை வெளிநாட்டு உதவிக்கு ஒதுக்க வேண்டும் என்று 1970-இல் ஐ.நா.வில் ஒரு இலக்கு வைத்தார்கள். நார்வேயும் சுவீடனும் அதைத் தாண்டின. அமெரிக்கா 0.2-ஐச் சுற்றியே நின்றது. நாடு அவ்வளவு பெரிதாக இருப்பதால் அந்த 0.2-உம் மலையாகத் தெரிந்தது.

சரி, பொருட்களுக்கு வருகிறேன். முதலில் தார்ப்பாய்.

டிவியில் பார்த்திருப்பீர்கள். வெள்ளைத் தார்ப்பாய், கைகுலுக்கும் சின்னம், பக்கத்திலேயே 'அமெரிக்க மக்களிடமிருந்து' என்ற வரி. சுருளாக வரும். ஒரு சுருள் 24 அடி அகலம், 100 அடி நீளம், அதை வெட்டினால் பத்துக் குடும்பத்துக்கு வரும் என்பது அவர்கள் கணக்கு. பின்னிய பாலித்தீன் இழைகளுக்கு மேல் பூச்சு. கடையில் விற்கும் சல்லிசான நீலத் தார்ப்பாய் ஒரு கோடை வெயிலைத் தாங்காது, நொறுங்கி உதிர ஆரம்பிக்கும். இது அப்படிச் செய்யாது. கத்தரித்த இடத்தில் நூல் பிரியாது, காற்றில் படபடத்தாலும் எளிதில் கிழியாது.

இந்தச் சுருள் படும் பாட்டை 2015 ஏப்ரல் 25 நிலநடுக்கத்துக்குப் பிறகு நேபாளத்தில் பார்த்தேன். காத்மாண்டு விமான நிலையத்தில் இருப்பது ஒரே ஓடுபாதை. கனத்த விமானங்கள் இறங்கி இறங்கி அது சேதமாக, மே மாதத் தொடக்கத்தில் 196 டன்னுக்கு மேற்பட்ட விமானங்கள் வரக் கூடாது என்று சொல்லிவிட்டார்கள். பெரிய விமானத்துக்கென்று கட்டிய பேலட்டைப் பிரித்துச் சின்ன விமானத்துக்கு மறுபடி கட்ட வேண்டியிருந்தது. அப்புறம் லாரி, அப்புறம் டிராக்டர், கடைசியில் சிந்துபால்சோக் மலையில் ஆள் முதுகில். இத்தனை கை மாறி வந்தும் மேல் சுற்று மட்டும்தான் சிராய்ந்திருந்தது, உள்ளே புதுசாக இருந்தது.

குறைகளும் உண்டு. சுருளாக வருவதால் ஓரத்தில் கயிறு கோக்கக் கண் கிடையாது. கயிறு தனியாக வர வேண்டும், வராமலும் போகும். ஊர்க்காரர்கள் ஒரு கூழாங்கல்லை ஓரத்தில் வைத்துச் சுருட்டி, அதன் கழுத்தில் முடிச்சுப் போட்டு இழுத்துக் கட்டினார்கள். நிவாரண வேலையில் இருக்கும் எல்லோருக்கும் தெரிந்த உத்திதான். தெரியாதவர்கள் ஆணி அடித்தார்கள், காற்று வந்ததும் ஆணி இருந்த இடத்திலிருந்து கிழிந்தது. கூழாங்கல் முறையைச் சின்னப் படமாக அதிலேயே அச்சடித்திருக்கலாம். சின்னத்தைத் திரும்பத் திரும்ப அச்சடிக்க இடம் இருந்ததே! இன்னொன்று வெக்கை. நடுப்பகலில் அதன் அடியில் உட்கார முடியாது, குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு மரத்தடிக்குத்தான் போனார்கள். ஜூனில் மழைக்காலம் என்றதும் எல்லோரும் தேடியது தகரத்தை. தற்காலிகக் கொட்டகைக்கு என்று நேபாள அரசு 15,000 நேபாள ரூபாய் கொடுத்தபோது பலர் முதலில் வாங்கியதும் தகரம். தார்ப்பாய் அதற்குப் பிறகும் வீணாகவில்லை. பக்கத் தடுப்பாக, விதைநெல் மூட, ஆட்டுக்கொட்டிலுக்கு என்று இறங்கி வந்தது. நாலரை நட்சத்திரம் கொடுப்பேன். அரை நட்சத்திரம் கயிறுக்காகக் கழித்தது.

ஆனால் கையில் பட்டவற்றிலேயே சிறந்த பொருள் எது என்றால் யோசிக்காமல் கடலைப் பசைப் பொட்டலத்தைச் சொல்வேன். பிளம்பிநட் என்ற பெயரில் பிரபலமானது. 92 கிராம், 500 கலோரி. நிலக்கடலை, பால் பவுடர், எண்ணெய், சர்க்கரை, வைட்டமின், தாது உப்புகள். கண்டுபிடித்தது அமெரிக்கா அல்ல, 1990-களில் பிரான்ஸில் ஆந்த்ரே பிரியாண் என்ற மருத்துவரும் நியூட்ரிசெட் நிறுவனத்தின் மிஷேல் லெஸ்கானும். அமெரிக்கப் பணத்தில் வாங்கியது பெரும்பாலும் ரோட் ஐலண்டில் உள்ள எடீசியாவிலும் ஜார்ஜியா மாநிலத்தில் உள்ள மானாவிலும் தயாரானது.

இது வருவதற்கு முன், எலும்பும் தோலுமான குழந்தையைத் தேற்ற வேண்டுமானால் மருத்துவமனையில் சேர்த்து, சுத்தமான தண்ணீரில் கலந்த சிறப்புப் பாலை வேளாவேளைக்குக் கொடுத்தாக வேண்டும். தாய் வாரக்கணக்கில் கூடவே கிடக்க வேண்டும். வீட்டில் இருக்கும் மற்ற பிள்ளைகளை யார் பார்ப்பது? அதனாலேயே பாதியில் கிளம்பிப் போனவர்கள் எத்தனையோ பேர். இப்போது குழந்தையின் புஜத்தைச் சுற்றி ஒரு வண்ண நாடாவை வைத்துப் பார்க்கிறார்கள். சுற்றளவு 115 மில்லிமீட்டருக்குக் கீழே போனால் சிவப்பு. அங்கேயே ஒரு பொட்டலத்தைக் கிழித்துக் கொடுத்து, குழந்தை ஆசையாகச் சப்பிச் சாப்பிடுகிறதா என்று பார்ப்பார்கள். சாப்பிட்டு, வேறு நோயும் இல்லை என்றால் வாராந்திரப் பங்கைக் கொடுத்து வீட்டுக்கு அனுப்பிவிடலாம். அடுப்பு வேண்டாம், கலக்க வேண்டாம், இரண்டு வருடம் கெடாது.

ஒரு அட்டைப்பெட்டியில் 150 பொட்டலம். ஒரு குழந்தை தேறி வர ஆறு முதல் எட்டு வாரம் ஆகும், அதற்கு ஏறக்குறைய ஒரு பெட்டி பிடிக்கும். ஒரு பெட்டியின் விலை 40, 50 டாலரைச் சுற்றி. கிடங்கில் நிற்பவனுக்கு இந்தக் கணக்கு ஒரு மாதிரி கனமானது. மற்றச் சரக்கில் பெட்டி என்றால் வெறும் பெட்டி. இதில் எத்தனை பெட்டியோ அத்தனை குழந்தை.

ஓரம் கிழிந்த பெட்டியிலிருந்து எடுத்து நானும் தின்று பார்த்திருக்கிறேன். இனிப்பு கொஞ்சம் தூக்கல். பால் பவுடர் வாசனை முன்னால் வருகிறது, கடலை பின்னால் வருகிறது. அண்ணத்தில் ஒட்டிக்கொள்ளும். தண்ணீரில் கலக்கத் தேவையில்லையே தவிர, தின்ற பிறகு நன்றாகத் தாகம் எடுக்கும், பக்கத்தில் நல்ல குடிதண்ணீர் இருந்தாக வேண்டும். வீட்டில் பசியோடு நாலு பிள்ளைகள் இருந்தால் ஒரு பிள்ளையின் மருந்தை நாலு பேரும் பங்கு போட்டுக்கொள்வார்கள். அதைக் குறையாக எழுத எனக்கு மனம் வரவில்லை. ஐந்து நட்சத்திரம்.

வானத்திலிருந்து போடும் சாப்பாட்டுப் பொட்டலத்தைச் சீக்கிரம் முடித்துவிடுகிறேன். 1993-இல் போஸ்னியாவுக்காக ஆரம்பித்தது. ஒருவருக்கு ஒரு நாளைக்கு ஒரு பொட்டலம், சுமார் 2,200 கலோரி. எந்த மதத்துக்காரரும் சாப்பிடலாம் என்று பருப்பு, பீன்ஸ், சோறு வகையறாவாக வைத்திருப்பார்கள். 2001 அக்டோபரில் ஆப்கானிஸ்தான் மேல் இதைப் போட்டபோது உறையின் நிறம் மஞ்சள். அதே விமானப்படை அதே நாட்டில் போட்ட கொத்துக் குண்டுகளுக்குள் இருந்த சிறு குண்டுகளும் மஞ்சள். இரண்டையும் எப்படி அடையாளம் காண்பது என்று வானொலியில் அறிவிப்புச் செய்யும் நிலை வந்தது, அதன் பிறகுதான் பொட்டலத்தின் நிறத்தை மாற்றினார்கள். சாப்பாட்டில் ஒரு குறையும் இல்லை. இந்தச் சேவைக்கு நட்சத்திரம் போட எனக்குக் கை வரவில்லை, அவ்வளவுதான்.

அடுத்தது மூட்டை. திட்டப்போகிறேன் என்றேனே, அது இங்கிருந்து.

மூட்டைச் சரக்கு என்றால் மக்காச்சோளமும் சோயாவும் கலந்த சத்துமாவு, மஞ்சள் பட்டாணிப் பருப்பு, கோதுமை, சோளம், அப்புறம் நாலு லிட்டர் எண்ணெய் டின். தரம் சுத்தம். கல், தூசி, வண்டு பார்ப்பது அபூர்வம். எண்ணெய் டின் காலியான பிறகும் பத்து வேலைக்கு ஆகும், அகதி முகாம்களில் அதை விரித்துத் தட்டிக் கதவாக்கியிருப்பார்கள். பட்டாணிப் பருப்பு மட்டும் வேக நேரம் எடுக்கும். விறகு பொறுக்கப் பெண்கள் முகாமை விட்டு வெளியே போக வேண்டிய ஊர்களில் அது சின்ன விஷயம் அல்ல, ருசியை விட அதைப் பற்றித்தான் அதிகம் புலம்புவார்கள்.

சிக்கல் டெலிவரியில். அமெரிக்க நாடாளுமன்றத்தின் தணிக்கை அலுவலகமே 2009-இல் கணக்கெடுத்துச் சொன்னது: சகாராவுக்குத் தெற்கே உள்ள பத்து நாடுகளில், அமெரிக்காவிலிருந்து போன உணவு வந்து சேரச் சராசரியாக 147 நாள். அதே நாட்டிலேயே வாங்கினால் 35 நாள், பக்கத்து நாட்டில் வாங்கினால் 41 நாள். ஆப்பிரிக்காவில் வாங்கினால் செலவும் சுமார் 34 சதவீதம் குறைவு. 147 நாள் என்றால் ஐந்து மாதம். பஞ்சம் வந்து, செய்தியாகி, பணம் ஒதுக்கி, அப்புறம் ஐந்து மாதம். பல இடங்களில் அதற்குள் அடுத்த அறுவடையே வந்துவிடும். வந்த மூட்டை உள்ளூர் விவசாயியின் விலையைக் கீழே தள்ளும்.

இது யாருடைய சோம்பேறித்தனமும் அல்ல, சட்டமே அப்படி. 1954 ஜூலையில் அதிபர் ஐசன்ஹோவர் கையெழுத்திட்ட, உணவு உதவிக்கான பொதுச் சட்டம் 480-இன் முதல் நோக்கங்களில் ஒன்று, அமெரிக்காவில் மிஞ்சிக் கிடந்த தானியத்தைத் தள்ளிவிடுவது. தானியத்தை அமெரிக்காவில்தான் வாங்க வேண்டும். அதே வருடம் வந்த இன்னொரு சட்டம், அரசாங்கச் சரக்கில் பாதியாவது அமெரிக்கக் கொடி பறக்கும் கப்பலில் போக வேண்டும் என்றது. 1985-இல் உணவு உதவிக்கு அதை முக்கால் பங்காக்கினார்கள், 2012-இல் மறுபடி பாதிக்கு இறக்கினார்கள். அமெரிக்கக் கொடிக் கப்பலுக்கு வாடகை அதிகம், கிடைப்பதும் கஷ்டம். குடியரசுக் கட்சியின் புஷ், உணவுப் பணத்தில் கால் பங்கையாவது உள்ளூரில் வாங்க அனுமதி கேட்டார். ஜனநாயகக் கட்சியின் ஒபாமா 2013-இல் அதைவிடப் பெரிய மாற்றம் கேட்டார். நாடாளுமன்றம் இருவருக்கும் கொஞ்சம் கிள்ளிக் கொடுத்ததே தவிர அள்ளிக் கொடுக்கவில்லை. விவசாயக் கம்பெனி, கப்பல் கம்பெனி, தொண்டு நிறுவனம் மூன்றும் கைகோத்து நின்றதை அங்கே இரும்பு முக்கோணம் என்பார்கள்.

கிடங்கில் இருந்தபோது எனக்குப் புரிந்தது ஒன்றுதான். இந்தச் சேவையின் வாடிக்கையாளர் மூட்டையைப் பிரிப்பவர் இல்லை. அவர் ஓட்டுப் போடுவதில்லை, புகார் எழுதுவதில்லை, அடுத்த வருடம் வேறு கடைக்குப் போகவும் முடியாது. கான்சாஸ் விவசாயியும் கப்பல் முதலாளியும் அதையெல்லாம் செய்வார்கள். சேவையின் வேகம், அளவு, விலை எல்லாம் அவர்களைப் பார்த்துத்தான் அமைந்திருக்கிறது.

நமக்கு இது தெரியாத கதை இல்லை. என் அம்மா பள்ளிக்கூடத்தில் கேர் உப்புமா தின்று வளர்ந்தவர். காமராஜர் காலத்து மதிய உணவுக்குக் கேர் என்ற அமெரிக்கத் தொண்டு நிறுவனம் கொண்டுவந்து கொடுத்த அமெரிக்கப் பால் பவுடர், எண்ணெய், மக்காச்சோள மாவு. மஞ்சளாக இருக்கும், ஒரு மாதிரி வாசம் அடிக்கும், ஆனால் வயிறு நிறையும் என்பார். அந்தத் தலைமுறையில் யாரைக் கேட்டாலும் இதே மூன்றைத்தான் சொல்வார்கள். அதே காலத்தில் டெல்லி பட்ட அவமானம் வேறு. 1965, 66 வறட்சியின்போது அமெரிக்க அதிபர் ஜான்சன் கோதுமைக்கு மொத்தமாக ஒப்புதல் தராமல், கப்பல் கப்பலாக, மாதம் மாதமாக அவிழ்த்துவிட்டார். விவசாயக் கொள்கையை மாற்று என்ற நெருக்கடி ஒரு பக்கம், வியட்நாம் போரை இந்தியா விமர்சித்த எரிச்சல் இன்னொரு பக்கம். கோதுமையில் குறை இல்லை. கதவைத் திறப்பவரின் மனநிலையில் எல்லாம் இருந்தது. 2004 சுனாமியில் தமிழ்நாட்டுக் கடற்கரையே அழிந்தபோதும் வெளிநாட்டு அரசுகளின் உதவி வேண்டாம் என்று இந்தியா சொன்னதற்குப் பின்னால் அந்தக் கசப்பும் கொஞ்சம் இருந்திருக்கும் என்று நினைக்கிறேன். அதே வாரத்தில் நம் கடற்படைக் கப்பல்கள் இலங்கைக்கும் மாலத்தீவுக்கும் இந்தோனேசியாவுக்கும் நிவாரணம் கொண்டு போயின.

கேர் நிறுவனமே 2007-இல் ஒரு காரியம் செய்தது. அமெரிக்கத் தானியத்தை ஏழை நாட்டுச் சந்தையில் விற்று, அந்தக் காசில் திட்டம் நடத்துவது என்று ஒரு வழக்கம் இருந்தது. உள்ளூர் விவசாயியை அது கெடுக்கிறது என்று சொல்லி, வருடத்துக்குச் சுமார் 45 மில்லியன் டாலர் வருமானத்தை வேண்டாம் என்று அறிவித்தார்கள். இந்தத் துறையில் இப்படி ஒரு வரவை யாரும் தாமாக விட்டு நான் பார்த்ததில்லை. ஹைட்டி விஷயத்திலும் ஒருவர் வாய்விட்டுச் சொன்னார். மலிவான அமெரிக்க அரிசி உள்ளே போக வழிசெய்த கொள்கை ஆர்கன்சா விவசாயிகளுக்கு நல்லதாக இருந்திருக்கலாம், ஹைட்டியின் நெல் விவசாயத்துக்கு அல்ல, அது தவறு என்று 2010-இல் பில் கிளிண்டன் செனட் குழுவின் முன் ஒப்புக்கொண்டார்.

இனி அவசர சேவை. இதில் அமெரிக்காவுக்கு இணை கிடையாது, மனசாரச் சொல்கிறேன். சுனாமியில் இந்தோனேசியாவின் ஆச்சே மாகாணத்தின் மேற்குக் கரைச் சாலை முழுக்கக் கடலோடு போய்விட்டது. மெலாபோ போன்ற ஊர்களுக்குத் தரை வழியே இல்லை. ஆபிரகாம் லிங்கன் என்ற விமானந்தாங்கிக் கப்பல் வந்து நின்று, அதன் ஹெலிகாப்டர்கள் நாள் முழுக்கத் தண்ணீரும் உணவும் இறக்கின, காயம்பட்டவர்களைத் தூக்கிக்கொண்டு போயின. 2005 அக்டோபர் 8 பாகிஸ்தான் நிலநடுக்கத்தில் ஆப்கானிஸ்தானிலிருந்து சினூக் ஹெலிகாப்டர்கள் வந்தன. மலைச் சரிவில் கூடாரத்தையும் தகரத்தையும் தொங்கவிட்டு இறக்கும் அந்த இரட்டை விசிறி வண்டிக்கு அந்தப் பக்கத்துக் குழந்தைகளிடம் பெரிய மவுசு. சாலை இல்லாத ஊரில் முதல் பத்து நாளுக்கு இதுதான் உயிர். ஐந்துக்கு ஐந்து.

பில் போடும் விதம்தான் வேடிக்கை. சுனாமிக்கு முதலில் அறிவித்தது 15 மில்லியன் டாலர். பணக்கார நாடுகள் கஞ்சத்தனம் செய்கின்றன என்று ஐ.நா. அதிகாரி யான் எக்லாண்ட் சொன்னதும் வாஷிங்டனுக்குக் கோபம் வந்தது. தொகை 35 ஆனது, சில நாளிலேயே 350 ஆனது. கடைக்காரரின் ரோஷத்தைத் தூண்டினால் எடை கூடுதலாக விழும் போலிருக்கிறது.

பெரிய இயந்திரம் கையில் இருப்பதில் ஒரு ஆபத்தும் உண்டு. பேசித் தீர்க்க வேண்டியதை இயந்திரத்தால் தீர்க்கப் பார்ப்பார்கள். 2024-இல் காசாவுக்குக் கடல் வழியாகச் சரக்கு இறக்க மிதக்கும் தளம் ஒன்றைக் கட்டினார்கள், சுமார் 230 மில்லியன் டாலர் செலவு. மே மாதம் ஆரம்பித்தது, அலையில் உடைந்தது, ஒட்டினார்கள், ஜூலையில் கழற்றிவிட்டார்கள். உருப்படியாக ஓடியது இருபது நாள் அளவுதான். காசாவின் எல்லையில் தரை வழிகள் அப்போதும் இருந்தன, லாரிகளும் இருந்தன. திறக்க வைக்க வேண்டியது வாசலை. அந்த வாசலைப் பிடித்திருந்தது அவர்களுடைய நெருங்கிய கூட்டாளியான இஸ்ரேல். சரக்கு வேலையில் இருப்பவர்களுக்கு அந்த மிதக்கும் தளத்தைப் பார்க்க ஆச்சரியமாகவும் இருந்தது, எரிச்சலாகவும் இருந்தது.

மீட்புக் குழுக்களைப் பற்றி ஒரு வரி. வெளிநாட்டுக்கு வழக்கமாகப் போவது வர்ஜீனியாவின் ஃபேர்ஃபாக்ஸ் மாவட்டக் குழுவும் லாஸ் ஏஞ்சலிஸ் மாவட்டக் குழுவும். நாய், கேமரா, கான்கிரீட் வெட்டும் கருவி எல்லாம் வைத்திருக்கும் திறமைசாலிகள். ஆனாலும் எந்த நிலநடுக்கத்திலும் பெரும்பாலானவர்களை வெளியே எடுப்பது அக்கம்பக்கத்து ஜனங்கள்தான், விமானம் தரையிறங்குவதற்கு முன்பே.

இதையெல்லாம் பாதி இறந்த காலத்தில் எழுதிக்கொண்டு வருகிறேன் என்பதைக் கவனித்திருப்பீர்கள். கடை மூடிவிட்டது. 2025 ஜனவரி 20-இல் வெளிநாட்டு உதவியை நிறுத்தி வைக்கும் உத்தரவு வந்தது. மார்ச்சில் 83 சதவீதத் திட்டங்கள் ரத்து என்று வெளியுறவு அமைச்சர் ரூபியோ அறிவித்தார். இந்த உதவியை நடத்திவந்த, 1961-இல் கென்னடி ஆரம்பித்த யுஎஸ்எய்ட் அமைப்பு 2025 ஜூலை 1-ஆம் தேதியோடு முடிந்தது, மிச்சம் மீதி வெளியுறவுத் துறைக்குள் போனது. நடுவில் மார்ச் 28-இல் மியான்மரில் 7.7 அளவு நிலநடுக்கம். வழக்கமாக ஒரு விமானம் நிறைய ஆளும் நாயும் போகும் இடத்துக்கு மூன்று பேரை அனுப்பினார்கள். அங்கே இருக்கும்போதே அந்த மூவருக்கும் வேலை நீக்கத் தகவல் வந்து சேர்ந்தது.

கடலைப் பசை செய்யும் எடீசியாவுக்கும் மானாவுக்கும் ரத்துக் கடிதம் போய், சில நாளில் வாபஸ் ஆனது. ஆனாலும் புது ஆர்டர் எப்போது வரும், தயாரான பெட்டியை யார் எடுத்துப் போவார்கள் என்பதில் குழப்பம் நீடித்தது.

எனக்கு வயிறு எரிந்தது பிஸ்கட் விஷயத்தில். நான் வேலை பார்த்த கிடங்கு இல்லை, ஆனால் அதே துபாய். அவசரகாலத்துக்கு வைத்திருந்த சத்து பிஸ்கட் ஆயிரம் டன்னுக்கு மேல் கிடந்தது. யார் அனுமதி கொடுப்பது என்று தெரியாமல் மாதங்கள் ஓடின. ஜூனில் 622 டன்னை உலக உணவுத் திட்டத்திடம் கொடுத்து சிரியா, வங்கதேசம், மியான்மர் என்று தப்ப வைத்தார்கள். மீதி 496 டன் ஜூலையில் காலாவதி. அழிப்பதற்கு மட்டும் 1,30,000 டாலர் செலவு. வாங்கிய விலை ஏறக்குறைய 8 லட்சம் டாலர்.

கிடங்கு வேலையில் முதல் நாள் சொல்லிக்கொடுக்கும் விதி, எது முதலில் காலாவதியாகுமோ அது முதலில் வெளியே போக வேண்டும் என்பது. தேதி நெருங்கும் பேலட்டில் சிவப்பு ஸ்டிக்கர் ஒட்டுவோம். ஆறு மாதம் இருக்கும்போது ஒரு மெயில், மூன்று மாதம் இருக்கும்போது இன்னொன்று. தேதி தாண்டிப் போனால் ஸ்டாக் பார்க்கிறவன் பதில் சொல்ல வேண்டும், அது அவன் வேலைக்கே உலை வைக்கும். 496 டன் என்பது இருபது லாரிக்கு மேல். அங்கேயும் என்னைப் போல ஒருவன் ஸ்டிக்கர் ஒட்டியிருப்பான், மெயில் அனுப்பியிருப்பான். அந்தப் பக்கம் மெயிலைத் திறக்க ஆளே இல்லாமல் போயிருக்கும். கிடங்கு, சரக்கு, துறைமுகம், பசியோடு இருப்பவர் எல்லாம் தயார், கையெழுத்து மட்டும் இல்லை. விற்பனைக்குப் பிந்தைய சேவைக்கு ஒரு நட்சத்திரம்கூட கிடையாது.

வேறு கடை எதுவென்று கேட்டால், ஜப்பானின் அரசு உதவி அமைப்பான ஜைக்கா துபாயிலும் சிங்கப்பூரிலும் கூடாரமும் போர்வையும் வைத்திருக்கிறது. பேக்கிங் அவ்வளவு நேர்த்தி, பிரிக்கவே மனம் வராது. அளவு சின்னது. ஐரோப்பிய ஒன்றியம் பெரிது, படிவமும் பெரிது. அமெரிக்கா விட்ட இடத்தை நிரப்பும் அளவுக்கு யாரிடமும் சரக்கு இல்லை.

கடைசியாக, என் பிழைப்புக்கு எதிரான சிபாரிசு ஒன்று. பல இடங்களில் மூட்டையை விடப் பணம் மேல். லெபனானிலும் ஜோர்டானிலும் சிரிய அகதிகளுக்குப் பணம் ஏற்றிய கார்டு கொடுத்தார்கள், வேண்டியதைக் கடையில் வாங்கிக்கொண்டார்கள். கிடங்கு வேண்டாம், கப்பல் வேண்டாம், நானும் வேண்டாம். பணம் கொடுத்தால் குடித்துத் தீர்ப்பார்கள் என்ற பேச்சை எத்தனையோ கூட்டத்தில் கேட்டாயிற்று. 2014-இல் உலக வங்கி ஆய்வாளர்கள் 19 ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தார்கள், மதுவுக்கும் புகையிலைக்கும் செலவு கூடியதற்கு ஆதாரம் கிடைக்கவில்லை. கூட்டத்தில் அதைச் சொன்னால் பேச்சை மாற்றுவார்கள்.

பணமும் எல்லா இடத்திலும் செல்லாது. ரேகை தேய்ந்துபோன கிழவிக்குக் கைரேகை இயந்திரம் பணம் தராது. அடையாள அட்டை வெள்ளத்தில் போனவருக்கும் தராது. ஊரே தனித்துப்போய் சந்தை காலியாக இருந்தால் நோட்டைக் கடித்துத் தின்ன முடியாது. அதனால் இந்த வேலையில் அனுபவப்பட்டவர்கள் முதலில் முகாமுக்குப் போவதில்லை, பக்கத்துச் சந்தைக்குப் போவார்கள். அரிசி, எண்ணெய், சோப்பு இருக்கிறதா, விலை எவ்வளவு ஏறியிருக்கிறது, இருப்பது தீர்ந்தால் எத்தனை நாளில் மறுபடி வரும் என்று நாலைந்து கடையில் விசாரிப்பார்கள். நாலு நாளில் வந்துவிடும் என்று கடைக்காரர்கள் சொன்னால் கார்டு. லாரி எப்போது வரும் என்று தெரியாது என்று கையை விரித்தால், துபாய்க்குப் போன் வரும், நாங்கள் பேலட் கட்ட ஆரம்பிப்போம்.